சாலை விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு இழப்பீடு: கணக்கு எப்படிப் போடுகிறார்கள்?

என் பெரியம்மா மகளின் வீட்டுக்காரர் கொத்தனார். சாயங்காலம் வேலை முடிந்து பைக்கில் வீடு திரும்பும்போது எதிரே வந்த லாரி மோதி, ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே போய்விட்டார். வயது 34. கருமாதி முடிந்த மறுநாள் காலை இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். கையில் ஒரு கட்டுக் காகிதம். கையெழுத்துப் போட வேண்டிய இடங்களில் எல்லாம் பென்சிலால் சின்னதாக டிக் அடித்திருந்தது. "அஞ்சு லட்சம் சீக்கிரமா வாங்கிக் குடுத்துடறோம்மா, நீங்க கோர்ட்டு வாசலையே மிதிக்க வேண்டாம்" என்றார்கள். அக்கா பேனாவைக் கையில் வாங்கிவிட்டாள். பெரியம்மாதான் என்னைக் கூப்பிட்டு, "என்னன்னு படிச்சுச் சொல்லுப்பா" என்றார்.

படித்தேன். பாதிக்கு மேல் எதுவும் நிரப்பாத வெற்றுத் தாள். ஒன்று வக்காலத்து, அதாவது நம் சார்பில் வழக்கு நடத்த வக்கீலுக்கு அதிகாரம் கொடுக்கும் தாள். இன்னொன்று, வரும் தொகையில் ஒரு பங்கை அவர்களுக்குத் தருவதாக ஒப்புக்கொள்ளும் பத்திரம். "யோசித்துச் சொல்கிறோம்" என்று அனுப்பிவைத்தோம். அன்றைக்கு எனக்கும் இந்தச் சட்டத்தில் ஒன்றுமே தெரியாது. அதற்குப் பிறகு மூன்று வருடம் அக்காவோடு கோர்ட்டுக்குப் போய் வந்ததில் தெரிந்துகொண்டதை, முதல்முறையாக இதைச் சந்திக்கிறவர்களுக்காக எழுதுகிறேன். நான் வழக்கறிஞர் அல்ல. ஆனால் கணக்கு எப்படிப் போடப்படுகிறது என்பதைக் குடும்பத்தில் ஒருவராவது புரிந்துவைத்திருக்க வேண்டும் என்று மனதார நினைக்கிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். பெரிய விபத்து நடந்தால் முதலமைச்சர் பொது நிவாரண நிதியிலிருந்து இவ்வளவு என்று செய்தி வரும். அது அரசு மனமிரங்கிக் கொடுக்கும் உதவித்தொகை. இங்கே நான் பேசுவது அதைப் பற்றி அல்ல. மோட்டார் வாகனச் சட்டம், 1988 கொடுக்கும் இழப்பீடு வேறு. நஷ்ட ஈடு என்று ஊரில் சொல்வது இதைத்தான். இது கருணை கிடையாது, உரிமை. இறந்தவர் உயிரோடு இருந்திருந்தால் குடும்பத்துக்கு என்ன சம்பாதித்துக் கொடுத்திருப்பாரோ, அதை இடித்தவர் தரப்பு ஈடுகட்ட வேண்டும் என்பதுதான் இதன் அடிப்படை. அரசு உதவி வந்தாலும் வராவிட்டாலும் இந்த உரிமை அப்படியே நிற்கும்.

சரி, பணத்தை யார் கொடுப்பது? டிரைவர் செய்த தவறுக்கு அவரை வேலைக்கு வைத்த வண்டி உரிமையாளர் பொறுப்பு. அந்தப் பொறுப்பை ஏற்றுக்கொள்ளத்தான் ஒவ்வொரு வண்டிக்கும் மூன்றாம் நபர் காப்பீடு கட்டாயம் என்று சட்டம் சொல்கிறது. தேர்ட் பார்ட்டி இன்சூரன்ஸ் என்று நாம் சொல்வது அதுதான். ஆகவே பெரும்பாலான வழக்குகளில் பணம் வருவது இன்சூரன்ஸ் கம்பெனியிடமிருந்து. டிரைவருக்கு லைசென்ஸ் இல்லை, அதனால் எங்களுக்குப் பொறுப்பில்லை என்று கம்பெனி வாதாடுவதுண்டு. அப்படிப்பட்ட பல வழக்குகளில், முதலில் நீ குடும்பத்துக்குக் கொடு, அப்புறம் உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்று நீதிமன்றம் உத்தரவிடுகிறது. வண்டிக்கு இன்சூரன்ஸே இல்லையென்றால் உரிமையாளர்தான் தர வேண்டும். அவரிடம் சொத்து இருக்கிறதா, இல்லையா என்பதைப் பொறுத்து குடும்பத்தின் தலைவிதி.

அரசு பஸ் மோதினால் கதை கொஞ்சம் வேறு. அரசுப் போக்குவரத்துக் கழகங்களுக்குக் காப்பீட்டிலிருந்து விலக்கு வாங்கச் சட்டத்தில் இடமிருக்கிறது. விலக்கு இருந்தால் தீர்ப்புத் தொகையைக் கழகமே கொடுக்க வேண்டும். அது இழுத்தடித்தால், தீர்ப்பை நடைமுறைப்படுத்தச் சொல்லி குடும்பம் நிறைவேற்று மனு போடும். பிறகு ஒரு நாள் கோர்ட் அமீனா பஸ் ஸ்டாண்டுக்கு வந்து, புறப்படத் தயாராக நிற்கும் பஸ்ஸின் முன்கண்ணாடியில் நோட்டீஸ் ஒட்டுவார். பயணிகள் மூட்டைகளோடு இறங்கி வேறு பஸ்ஸைத் தேடுவார்கள். "அரசு பஸ் ஜப்தி" என்று மறுநாள் பேப்பரில் வரும் படத்துக்குப் பின்னால், வருடக்கணக்கில் காத்திருந்த ஒரு வீடு இருக்கிறது.

இனி கணக்கு. இதுதான் இந்த விஷயத்தின் இதயம். பார்க்கப் பயமாக இருக்கும், ஆனால் எட்டாம் வகுப்புக் கணக்குதான். உச்ச நீதிமன்றம் 2009இல் சரளா வர்மா வழக்கிலும், 2017 அக்டோபரில் பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்விலும் சொன்ன வழிமுறையை நாடு முழுக்கப் பின்பற்றுகிறார்கள். அத்தானையே உதாரணமாக எடுத்துக்கொள்கிறேன். அவருக்கு மாதம் சராசரியாக 18,000 ரூபாய் வரும். அவரை நம்பி இருந்தவர்கள் நான்கு பேர்: அக்கா, இரண்டு பிள்ளைகள், அத்தானின் அம்மா.

வருட வருமானம் 2,16,000. 34 வயதில் போனவர் கடைசிவரை அதே கூலியிலேயே இருந்திருப்பாரா? இருந்திருக்க மாட்டார். அதனால் எதிர்கால உயர்வுக்கென்று ஒரு பங்கைச் சேர்க்கிறார்கள். நிரந்தர வேலையில் இருந்தவர் 40 வயதுக்குக் கீழ் என்றால் 50%, 40 முதல் 50 வரை 30%, 50 முதல் 60 வரை 15%. சொந்தத் தொழில் செய்பவர், கூலி வேலை பார்ப்பவர் என்றால் அதே வயதுகளுக்கு 40%, 25%, 10%. அத்தானுக்கு 40%. ஆக 3,02,400.

அவர் உயிரோடு இருந்தால் தனக்கென்றும் செலவு செய்திருப்பார் அல்லவா? அதைக் கழிக்க வேண்டும். திருமணமானவரை நம்பி 2, 3 பேர் இருந்தால் மூன்றில் ஒரு பங்கு, 4 முதல் 6 பேர் என்றால் நான்கில் ஒரு பங்கு, அதற்கு மேல் என்றால் ஐந்தில் ஒரு பங்கு கழியும். திருமணமாகாதவருக்குப் பொதுவாகப் பாதி கழியும். நான்கில் ஒரு பங்கு கழித்தால் அத்தானின் கணக்கில் மிச்சம் 2,26,800. வருடத்துக்கு இவ்வளவு அந்த வீட்டுக்கு வந்திருக்கும் என்று பொருள்.

இதை எத்தனை வருடத்துக்குப் பெருக்குவது? வயதைப் பார்த்து ஒரு பெருக்கு எண் வைத்திருக்கிறார்கள். 25 வயது வரை 18, 26 முதல் 30 வரை 17, 31 முதல் 35 வரை 16, 36 முதல் 40 வரை 15, 41 முதல் 45 வரை 14, 46 முதல் 50 வரை 13. அதற்கு மேல் ஐந்தைந்து வயதுக்கு 11, 9, 7 என்று இறங்கி, 65ஐத் தாண்டியவர்களுக்கு 5. இறந்தவரின் வயதைத்தான் பார்க்க வேண்டும். மகனைப் பறிகொடுத்த பெற்றோரின் வயதைப் பார்த்துக் குறைக்கக் கூடாது. அத்தானுக்கு 16. பெருக்கினால் 36,28,800.

இதோடு சில தனித் தொகைகள் சேரும். 2017 தீர்ப்பில் ஈமச்சடங்குக்கு 15,000, சொத்து இழப்புக்கு (அவர் இருந்திருந்தால் சேர்த்துவைத்திருக்கக்கூடியதற்கு) 15,000, துணையை இழந்ததற்கு 40,000 என்று வைத்து, மூன்று வருடத்துக்கு ஒருமுறை 10% கூட்டச் சொன்னார்கள். இரண்டு முறை கூட்டினால் 18,150, 18,150, 48,400. துணை இழப்பு என்பது மனைவிக்கு மட்டும் அல்ல; தகப்பனை இழந்த பிள்ளைக்கும், பிள்ளையை இழந்த தாய் தகப்பனுக்கும் உண்டு என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நான்கு பேருக்கும் சேர்த்து 1,93,600. எல்லாம் கூட்டிப் பார்த்தால் 38,58,700 ரூபாய்.

வாசலில் வந்து நின்றவர்கள் சொன்னது 5 லட்சம். அந்த 5 லட்சமும் வானத்திலிருந்து குதித்த எண் அல்ல. 2019 திருத்தத்தில் வந்து 2022 ஏப்ரல் முதல் நடைமுறையில் இருக்கும் 164ஆம் பிரிவின்படி, யார் மேல் தவறு என்று நிரூபிக்காமலே மரணத்துக்கு 5 லட்சம், கொடுங்காயத்துக்கு 2.5 லட்சம் கிடைக்கும். தவறை நிரூபிக்க வழியே இல்லாத குடும்பத்துக்கு அது பெரிய உதவி. ஆனால் அதற்குச் சம்மதித்து வாங்கிக்கொண்டால், 166ஆம் பிரிவில் முழு இழப்பீடு கேட்டுப் போட்ட மனு அத்தோடு முடிந்துபோகும். கையெழுத்துப் போடும் முன் இது தெரிந்திருக்க வேண்டாமா?

மேலே போட்ட கணக்கில் ஒரு எண் மட்டும் ஆட்டம் காணும்: மாத வருமானம். மாதச் சம்பளக்காரர் வீட்டில் சம்பளச் சீட்டு இருக்கும். கொத்தனாருக்கு, ஆட்டோ ஓட்டுபவருக்கு, பூக்கடைக்காரருக்கு என்ன இருக்கும்? வருமானத்துக்குச் சான்று இல்லையே, 12,000 என்று வைத்துக்கொள்ளலாம் என்றது எதிர்த்தரப்பு. 6,000 ரூபாய்தானே குறைகிறது என்று தோன்றும். அதே கணக்கில் 12,000 போட்டுப் பாருங்கள், பெருக்கி வருவது 24,19,200. மாதம் 6,000 குறைந்தால் கடைசித் தொகையில் 12 லட்சத்துக்கு மேல் போய்விடுகிறது.

எங்களைக் காப்பாற்றியது ஒரு நோட்டு. அத்தான் வேலை பார்த்த மேஸ்திரி, ஆள் வாரியாகக் கூலி எழுதிவைக்கும் நாற்பது பக்க நோட்டு. சிமெண்ட் தூசி படிந்து, ஓரமெல்லாம் மடங்கி, அட்டையில் சாமி படம் ஒட்டியது. சனிக்கிழமை தோறும் யாருக்கு எத்தனை ஆள்கூலி, எவ்வளவு முன்பணம் என்று எழுதி எதிரே கையெழுத்து. அத்தானின் கோணல் கையெழுத்து வாரம் தவறாமல் இருந்தது. மேஸ்திரி சாட்சிக் கூண்டில் ஏறி அந்த நோட்டைக் காட்டினார். அதோடு கட்டுமானத் தொழிலாளர் நலவாரிய அட்டையையும், அக்காவின் வங்கிக் கணக்கில் அவர் போட்டுவந்த பணத்தின் விவரத்தையும் வைத்தோம். வழக்கை விசாரித்த தீர்ப்பாயம் 18,000ஐ ஏற்கவில்லை, 15,000 என்று எடுத்துக்கொண்டது. ஆனால் 12,000க்கு இறங்கவில்லை. வீட்டில் சாவு விழுந்திருக்கும் நேரத்தில் பழைய நோட்டைத் தேடச் சொல்வது கொடுமைதான். இருந்தாலும் சொல்கிறேன்: கூலி நோட்டு, கடன் புத்தகம், போனில் வந்துபோன பணத்தின் பதிவு, எதையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அவருடைய போன் நம்பரையும் உடனே ரத்து செய்ய வேண்டாம்.

வீட்டைப் பார்த்துக்கொண்ட பெண் இறந்துவிட்டால்? "அவங்க வேலைக்குப் போகலையே, என்ன கிடைக்கப்போகுது" என்று குடும்பத்தினரே சொல்வதைக் கேட்டிருக்கிறேன். அது தவறு. விடியற்காலையில் எழுந்து சமைத்து, பிள்ளைகளை அனுப்பி, மாமியாருக்கு மருந்து கொடுத்து, மாட்டையும் பார்த்துக்கொண்டவளின் உழைப்புக்கு மதிப்பு உண்டு. அதற்கும் ஒரு வருமானம் கணக்கிட்டு, எதிர்கால உயர்வும் சேர்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021 ஜனவரியில் கீர்த்தி வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பள்ளிக்குப் போகும் பிள்ளை இறந்தாலும் கருத்தியல் வருமானம் என்று உத்தேசமாக ஒரு தொகையை வைத்துக் கணக்கிடுவார்கள். வருமானம் இல்லை என்ற ஒரே காரணத்துக்காக யாரும் மனுப் போடாமல் இருக்க வேண்டாம்.

எல்.ஐ.சி. பணம், குடும்ப ஓய்வூதியம், பணிக்கொடை வந்திருந்தால் அதை இழப்பீட்டிலிருந்து கழிக்கக் கூடாது. விதவை மறுமணம் செய்துகொண்டாலும் அவர் பங்கு போகாது.

தவறு யாருடையது என்பதுதான் அடுத்த சண்டை. 166ஆம் பிரிவில் முழுத் தொகை கேட்டால், எதிர் வண்டி டிரைவரின் கவனக்குறைவைக் காட்ட வேண்டும். கொலை வழக்கைப் போலச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கத் தேவையில்லை. இப்படித்தான் நடந்திருக்கும் என்று நம்பும் அளவுக்கு இருந்தால் போதும். டிரைவர் மேல் போலீஸ் போட்ட குற்ற வழக்கில் அவர் விடுதலையானாலும், அதனாலேயே இழப்பீட்டு மனு தள்ளுபடியாகாது. இரண்டும் வேறு வேறு.

ஆனால் எஃப்.ஐ.ஆரை ஒருமுறை கண்ணால் படித்துவிடுங்கள். பதற்றத்தில் யாரோ உறவுக்காரர் சொன்னதை எழுதியிருப்பார்கள். "பைக் திடீரெனக் குறுக்கே வந்தது" என்று ஒரு வரி அதில் இருந்தால், பின்னால் உங்கள் தரப்பிலும் ஒரு பங்கு தவறு என்று வாதாட அதுவே போதும். அப்படி 25% தவறு இறந்தவருடையது என்று முடிவானால், மொத்தத் தொகையில் 25% போய்விடும். ஹெல்மெட் போடாததற்காகச் சில தீர்ப்புகளில் ஒரு பங்கு குறைத்திருக்கிறார்கள். பைக்கில் மூன்று பேர் போனார்கள் என்பதற்காக மட்டும் குறைக்கக் கூடாது. அதனால்தான் விபத்து நடந்தது என்று காட்ட வேண்டும் என்று 2020இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

விபத்து நடந்த 48 மணி நேரத்துக்குள் முதல் விபத்து அறிக்கையையும், 90 நாளுக்குள் விரிவான அறிக்கையையும் போலீஸ் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது 2022 முதல் உள்ள விதி. அது நடக்கும் என்று நம்பிச் சும்மா இருந்துவிடக் கூடாது. எஃப்.ஐ.ஆர்., பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதும் குறிப்பு), வரைபடம், பிரேதப் பரிசோதனை அறிக்கை, மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, எதிர் வண்டியின் ஆர்.சி., இன்சூரன்ஸ், டிரைவரின் லைசென்ஸ் ஆகியவற்றின் நகல் வேண்டும். வீட்டுப் பக்கம் இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், வயதுக்குச் சான்று. இதில் வாரிசுச் சான்றிதழுக்குத்தான் தாலுகா ஆபீஸுக்கு அலைய வேண்டிவரும், அதை முதலில் தொடங்குங்கள்.

மனுவை மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் போட வேண்டும். இந்த மனுவைக் கோர்ட் வட்டாரத்தில் சுருக்கமாக எம்.சி.ஓ.பி. என்பார்கள். சென்னையில் சிறுவழக்கு நீதிமன்றத்திலும், மாவட்டங்களில் அங்கங்கே உள்ள நீதிமன்றங்களிலும் இவை நடக்கின்றன. விபத்து எங்கோ ஒரு ஊரில் நடந்திருந்தாலும், நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம். கெடு 6 மாதம். 1994இல் எடுத்துவிட்ட இந்தக் கெடுவை 2019 திருத்தம் திரும்பக் கொண்டுவந்தது. 2022 ஏப்ரலிலிருந்து நடைமுறையில் இருக்கிறது. அதை எதிர்த்து வழக்குகள் உச்ச நீதிமன்றத்தில் உள்ளன. காலம் கடந்தது என்பதற்காக மட்டும் மனுக்களைத் தள்ளுபடி செய்ய வேண்டாம் என்று 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவும் வந்தது. ஆனாலும் 6 மாதத்துக்குள் போட்டுவிடுவதே நல்லது.

வக்கீல் செலவுக்குப் பயந்துதான் பலர் வாசலுக்கு வரும் ஆட்களிடம் சிக்குகிறார்கள். தீர்ப்புத் தொகையில் இத்தனை சதவீதம் என்று பங்கு பேசுவதை வழக்கறிஞர் தொழில் விதிகளே தடை செய்கின்றன. கோர்ட் வளாகத்திலேயே சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். பெண்களுக்கும், குழந்தைகளுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே அங்கே இலவசமாக வழக்கறிஞர் அமர்த்தித் தருவார்கள். அக்கா வழக்கை அப்படித்தான் நடத்தினோம்.

இடித்துவிட்டு நிற்காமல் போன வண்டி எதுவென்றே தெரியாவிட்டால், யார் மேல் மனுப் போடுவது? அதற்குத் தனித் திட்டம் இருக்கிறது. 2022 ஏப்ரல் முதல் மரணத்துக்கு 2 லட்சம், கொடுங்காயத்துக்கு 50,000. இதற்குக் கோர்ட்டுக்குப் போக வேண்டாம். வருவாய்த் துறை அதிகாரியிடம் விண்ணப்பித்தால் விசாரித்து, மாவட்ட ஆட்சியர் உத்தரவிடுவார். முன்பு இது வெறும் 25,000 ஆக இருந்தது. இப்படி ஒன்று இருப்பதே பல கிராமங்களில் தெரியாது.

கசப்பான இரண்டு விஷயங்களையும் சொல்லிவிடுகிறேன். தன் பைக்கில் தானே தவறி விழுந்து இறந்தவருக்கு மூன்றாம் நபர் காப்பீடு உதவாது. உரிமையாளரே ஓட்டியிருந்தால், அவர் எடுத்திருக்க வேண்டிய 15 லட்சம் தனிநபர் விபத்துக் காப்பீடு இருக்கிறதா என்று பாலிசியில் பாருங்கள். பைக்கில் பின்னால் உட்கார்ந்து வந்தவர், அந்த பைக் ஓட்டியவரின் தவறால் இறந்தால், வெறும் மூன்றாம் நபர் பாலிசி அவருக்குப் பொருந்தாது. முழுக் காப்பீடு இருந்தால்தான் கிடைக்கும். பாலிசியைப் புதுப்பிக்கும்போது பணத்தை மிச்சம் பிடிக்கப் போய்ப் பலர் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான்.

வழக்கு நடக்கும்போது மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிக்கலாம் என்பார்கள். நல்ல வழிதான், பணம் சீக்கிரம் வரும், மேல்முறையீடும் கிடையாது. ஆனால் உங்கள் கணக்கு எவ்வளவு வருகிறது என்று ஒரு தாளில் போட்டு எடுத்துக்கொண்டு போய் உட்காருங்கள். எங்களிடம் அங்கே எதிர்த்தரப்பு முதலில் கேட்டது 14 லட்சத்துக்குச் சம்மதமா என்று. அக்கா தாளை நீட்டினாள். பேச்சு அத்தோடு நின்றது. பிறகு தீர்ப்பில் 15,000 வருமானத்தின்படி 32,53,900 ரூபாயும், மனுப் போட்ட நாளிலிருந்து 7.5% வட்டியும் வந்தது.

மொத்தத்தையும் கையில் கொடுத்துவிட மாட்டார்கள். பிள்ளைகளின் பங்கை அவர்களுக்கு 18 வயது ஆகும்வரை தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாகப் போடச் சொல்வது வழக்கம். வட்டியைத் தாய் எடுத்துக்கொள்ளலாம். படிப்புக்கோ மருத்துவத்துக்கோ அசலிலிருந்து தேவைப்பட்டால், காரணத்தைச் சொல்லி ஃபீஸ் ரசீதோடு தீர்ப்பாயத்தில் தனி மனுப் போட வேண்டும். போன ஜூனில் பெரியவளை பாலிடெக்னிக்கில் சேர்க்க அக்கா அப்படி ஒரு மனுப் போட்டாள். இந்த முறை காகிதங்களை அவளே படித்துப் பார்த்து, அவளே கையெழுத்துப் போட்டாள்.